சேமியா ஸ்டேஷனில் நின்ற வண்டி

எங்கள் ஸ்டேஷனை மூடியது ரயில்வே. திறந்தது நான். தப்பான பக்கம் திறந்ததும் நான்தான். இப்போது இதைச் சொன்னால் எங்கள் சுரங்க லைன் வீடுகளில் இருக்கிற சின்னப் பிள்ளைகள் நம்புவதில்லை. நம்பாவிட்டால் போகட்டும், எனக்கு ஒன்றும் குறைந்துவிடாது. ஆனால் போன மே தினக் கூட்டத்தில் தாமோதரன் அண்ணன் மைக்கைப் பிடித்துக்கொண்டு, 'ஜேமிசன் ஹால்ட்டை மீட்டுக் கொடுத்தது நமது யூனியன்' என்று பேசினார் பாருங்கள், அதைக் கேட்டுவிட்டுச் சும்மா இருக்க என்னால் ஆகவில்லை. அதனால் நடந்ததை நடந்தபடி சொல்லிவிடுகிறேன்.

கோலார் தங்கவயலில் பாலகாட் சுரங்கம் தாண்டி வெள்ளைக்காரன் ஒரு ஷாப்ட், அதாவது கிணறு மாதிரி ஆழச் சுரங்கம் தோண்டினான். அந்த ஷாப்டுக்கு ஆளும் மரமும் வந்து இறங்குவதற்காக ஒரு சின்ன ஸ்டேஷன் கட்டினார்கள். ஒரு டிக்கெட் அறை, ஒரு பிளாட்பாரம், ஒரு மணி. ஷாப்டின் இன்ஜினீயர் பேரையே வைத்தார்கள், ஜேமிசன் ஹால்ட் என்று. வட ஆற்காட்டிலிருந்து பிழைக்க வந்த எங்கள் ஜனங்கள் வாயில் ஜேமிசன் நுழையவில்லை, சேமியா நுழைந்தது. பலகையில் ஜேமிசன், வாயில் சேமியா ஸ்டேஷன்.

எங்களுக்கு ஒரு பக்கம் மாரிகுப்பம், அதோடு தண்டவாளம் முடிந்தது. மறுபக்கம் பங்காருபேட்டை, அங்கே போய்விட்டால் மெட்ராஸோ பெங்களூரோ எங்கே வேண்டுமானாலும் போகலாம். சுதந்திரம் வந்த கையோடு ஷாப்டில் தங்கம் தீர்ந்தது என்று மூடினார்கள். ஐம்பத்திரண்டில் வண்டி நிற்பதையும் நிறுத்தினார்கள். அதற்கப்புறம் மணியை எவனோ கழற்றிக்கொண்டு போனான். டிக்கெட் அறையில் பன்றி குட்டி போட்டது. பிளாட்பாரத்தில் பக்கத்து வீட்டுப் பாப்பம்மாக்கா மிளகாய் காயவைத்தாள். வண்டி மட்டும் தினமும் எங்களைத் தாண்டும்போது ஒரு ஊதல் ஊதிவிட்டுப் போகும். அந்த ஊதலைக் கேட்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். நிற்க மனசில்லாதவனுக்கு என்ன குசலம் விசாரிக்க வேண்டிக் கிடக்கிறது?

எனக்கு வேலை கிடைத்தது 1967 ஏப்ரலில். பங்காருபேட்டையில் ஓர் அரசாங்க ஆபீஸ். எந்த ஆபீஸ் என்று சொல்லமாட்டேன், அங்கே நல்லவர்களும் இரண்டு பேர் இருந்தார்கள். டைப்பிஸ்ட் வேலை. ஒரு வருஷம் தற்காலிகம், ஒழுங்காக இருந்தால் நிரந்தரம். எங்கள் லைனிலிருந்து ஒரு பெண் அரசாங்க மெஷினில் கை வைப்பது அதுதான் முதல் தடவை. சந்தோஷம் இருந்தது, அதைவிடப் பயம் அதிகமாக இருந்தது. ஏனென்றால் அந்த ஜனவரியில்தான் நைனாவின் மார்பில் கல்தூசி இறங்கிவிட்டது என்று சொல்லி, இனி வேலைக்கு லாயக்கில்லை என்று டாக்டர் எழுதிக் கொடுத்திருந்தார். எங்கள் பக்கம் அப்பாவை நைனா என்போம். ஏகநாதன் என்றால் சுரங்கத்தில் தெரியாத ஆள் இல்லை. மூடாத பெரிய ஷாப்ட் ஒன்றின் வாயில் நின்று, கேஜ் என்கிற இரும்புக் கூண்டில் ஆட்களை ஏற்றி, மணி அடித்துக் கீழே அனுப்புகிற பெல்மேன். இருபத்தெட்டு வருஷம் மணி அடித்தவருக்கு இப்போது தண்ணீர்ச் செம்பைத் தூக்கினாலே மூச்சு வாங்கியது. அம்மா என் பத்தாவது வயசிலேயே போய்விட்டாள். கூடப் பிறந்தவர்கள் யாரும் இல்லை. என் வேலை நிலைத்தால் வீட்டில் அடுப்பு எரியும், நிலைக்காவிட்டால் எரியாது.

ஆபீஸ் ஒன்பதரைக்கு. பஸ்ஸோ தன் இஷ்டத்துக்கு வரும், ஒருநாள் எட்டுக்கு, ஒருநாள் ஒன்பதுக்கு. அடுத்த ஸ்டேஷனுக்கு நடந்து போய் ரயிலேறலாம் என்றால், குறுக்குவழி கம்பெனி வேலிக்குள் போகிறது. நைனா வேலையில் இருந்தவரை பாஸ் இருந்தது. அவர் பேரை அடித்ததும் பாஸும் போயிற்று. வாட்ச்மேன், 'தங்கம் திருட வந்தியா?' என்று கேட்டான். சுற்றிப்போனால், தங்கம் பிரித்த மண்ணைக் கொட்டிய சயனைட் மேட்டை வளைத்துக்கொண்டு ஐந்து மைல். ஜூன் முடிவதற்குள் ரிஜிஸ்டரில் என் பேருக்கு நேராக மூன்று சிவப்புக் கோடு விழுந்துவிட்டது. ஹெட்கிளார்க் என்னைக் கூப்பிட்டு, 'நாலாவது விழுந்தால் நிரந்தரம் என்ற பேச்சையே மறந்துவிடு' என்றார். இன்னொன்றும் சொன்னார்: 'சுரங்கத்துப் பொண்ணு நீ. ஊர்வலம், பொது மனு, கையெழுத்து வேட்டை என்று எதிலாவது உன் பேரைப் பார்த்தேன் என்றால் அன்றோடு சரி.'

நான் என்ன செய்தேன்? அன்று சாயங்காலமே பொது மனு எழுத உட்கார்ந்தேன். காலை வண்டியும் மாலை வண்டியும் சேமியா ஸ்டேஷனில் நிற்க வேண்டும் என்று ரயில்வேக்கு ஒரு பெட்டிஷன். என் பேர் இருக்கக் கூடாது என்பதால் யூனியன் தாமோதரன் அண்ணன் பேரில் எழுதினேன். அவர், 'எங்க கையெழுத்து போடணும், அதச் சொல்லு' என்றார், அவ்வளவுதான். பழைய ஷாப்டில் டைம்கீப்பராக இருந்த எட்மண்ட் மாமாவிடம் இங்கிலீஷ் சரிபார்க்கக் கொடுத்தேன். அவர் சிவப்புப் பென்சிலை எடுத்து இரண்டு வரியை அடித்தார்.

"இன்னாத்துக்கும்மா இதெல்லாம்? 'காலைல வேலைக்குப் போறதுக்காக, சாயங்காலம் வீடு திரும்புறதுக்காக'ன்னு வளவளன்னு. ஆபீசருங்க நீட்டி எழுதினா படிக்கமாட்டாங்க. காலைல டவுன் வண்டி, சாயங்காலம் அப் வண்டி, அவ்ளோதான். டவுன்னா போறது, அப்புன்னா வர்றது. இது தெரியாதவன் ஒருத்தன் இருப்பானா?"

எங்கள் ஊரில் இல்லைதான். எங்கள் ஊரில் ஷிப்டுக்குப் போகிறவன் டவுன் போகிறான், ஷிப்ட் முடிந்தவன் அப் வருகிறான். வீட்டை விட்டுக் கிளம்பினால் டவுன், உயிரோடு திரும்பினால் அப். பள்ளிக்கூடம் போகிற பையனைக்கூட, 'டவுன் போய்ட்டானா?' என்றுதான் கேட்போம். டைப் அடித்ததை வீட்டில் நைனாவுக்குப் படித்துக் காட்டினேன்.

"காலைல டவுனு, சாயங்காலம் அப்பு. கரெக்டா கீது" என்றார்.

நூற்றுப்பன்னிரண்டு பேர் கையெழுத்தும் கைநாட்டும் வைத்தார்கள். அதில் நாற்பது பேருக்காவது படிக்கத் தெரியும். ஒருத்தர்கூட, 'இது தப்பு' என்று சொல்லவில்லை.

நாலாவது கோடு விழாமல் எப்படியோ பஸ்ஸில் தப்பித்து ஓட்டினேன்; செப்டம்பரில் உத்தரவு வந்தது. தாங்கள் கேட்டபடியே காலை டவுன் வண்டியும் மாலை அப் வண்டியும் அக்டோபர் மூன்றாம் தேதி முதல் ஜேமிசன் ஹால்ட்டில் நிற்கும், மூன்று மாதம் சோதனை, அதற்குப் பிறகு அதிகாரி நேரில் வந்து பார்த்து முடிவு செய்வார் என்று இருந்தது. லைனே கொண்டாடியது. பன்றியை விரட்டினார்கள். சுண்ணாம்பு அடித்தார்கள். பலகைக்குப் புதுப் பெயிண்ட். கமிஷனுக்கு டிக்கெட் விற்க எட்மண்ட் மாமாவையே ரயில்வே போட்டது, அவர் பழைய டைம்கீப்பர் கோட்டை எடுத்துப் போட்டுக்கொண்டார். நான் யாரிடமும் வாய் திறக்கவில்லை. ராத்திரி படுத்தால் மட்டும் சிரிப்பு சிரிப்பாக வந்தது.

முதல் நாள் காலை ஏழே முக்காலுக்கே பிளாட்பாரம் நிறைந்துவிட்டது. தேங்காய், எலுமிச்சம்பழம், ஆள் உயரத்துக்கு ஒரு சாமந்தி மாலை. வண்டி மாரிகுப்பத்திலிருந்து வந்து எங்களை ஏற்றிக்கொண்டு பங்காருபேட்டை போகவேண்டும் அல்லவா? எல்லோரும் மாரிகுப்பம் பக்கம் கழுத்தை நீட்டிக்கொண்டு நிற்கிறோம். வண்டி முதுகுப் பக்கம் வந்து நின்றது. பங்காருபேட்டையிலிருந்து வந்து, மாரிகுப்பம் பார்த்து நிற்கிறது. எல்லோரும் திரும்பிப் பார்த்தோம். தாமோதரன் அண்ணன் ஒன்றும் புரியாமல், கொண்டுவந்த மாலையை இன்ஜினுக்குப் போட்டுவிட்டார். ஏற ஒரு ஆள் இல்லை. கார்டு கொடியை ஆட்டினார், வண்டி போயிற்று. அரைமணி கழித்து எட்டரைக்கு அதே வண்டி மாரிகுப்பத்திலிருந்து திரும்பி வந்தது. நாங்கள் கையைக் காட்டினோம், கத்தினோம். நாங்கள் போட்ட மாலையைப் போட்டுக்கொண்டே ஊதிவிட்டு நிற்காமல் போயிற்று.

"துரோகம்! ஏமாத்திட்டானுங்க!" என்று தாமோதரன் அண்ணன் தேங்காயைத் தண்டவாளத்தில் ஓங்கி அடித்தார்.

அன்றைக்கு லீவு சொல்லிவிட்டு மறுநாள் பஸ் பிடித்தேன், நல்லவேளை நேரத்துக்கு வந்தது. மத்தியானம் சாப்பாட்டு நேரத்தில் பங்காருபேட்டை ஸ்டேஷனுக்குப் போய் டிக்கெட் கிளார்க்கிடம், 'சார், டவுன் வண்டி என்றால் எது?' என்று கேட்டேன். 'இங்கிருந்து மாரிகுப்பம் போறது டவுன். அங்கிருந்து இங்க வர்றது அப்' என்றார். ரயில்வே எங்களை ஏமாற்றவில்லை. நாங்கள் கேட்டதைத்தான் எழுத்துக்கு எழுத்து கொடுத்திருக்கிறான். நான்தான் தலைகீழாகக் கேட்டிருக்கிறேன்.

நைனாவிடம் சொன்னேன். அவருக்குக் கோபம் வந்துவிட்டது. "அது எப்படி தப்பாவும்? போறது டவுனு. ரயில்வேக்காரனுக்கு ஷாப்ட் இன்னா தெரியும்?" என்று பேசிக்கொண்டே இருமினார். இருமி முடித்ததும் குரலைத் தாழ்த்தினார். "நீதான் எழுதினேன்னு வெளிய சொல்லிடாத. ஹெட்கிளார்க் காதுக்குப் போச்சுன்னா அவ்ளோதான். வாய மூடிக்கினு இரு."

மூடிக்கொண்டுதான் இருந்தேன். ஊர் முழுக்க ரயில்வேயைத் திட்டியது, நானும் கூடச் சேர்ந்து திட்டினேன். வெட்கமாகத்தான் இருந்தது.

வழி கண்டுபிடித்தது பாப்பம்மாக்கா. அவள் பங்காருபேட்டைச் சந்தையில் கறிவேப்பிலை விற்கிறவள், கையெழுத்துப் போடத் தெரியாதவள். மூன்றாம் நாள் காலை கூடையைத் தலையில் வைத்துக்கொண்டு நேராகப் போய் அந்தத் தப்பான வண்டியில் ஏறி உட்கார்ந்தாள்.

"யக்கா, அது மாரிகுப்பம் போறது!" என்று கத்தினேன்.

"போகட்டுமே. போன கேஜ் மேல வராமலா பூடும்? ஏறுடி!"

ஏறினேன். மாரிகுப்பத்தில் இறங்கி ஓடி, பங்காருபேட்டைக்கு இன்னொரு டிக்கெட் எடுத்துக்கொண்டு அதே பெட்டியில் அதே இடத்தில் உட்கார்ந்தோம். எட்டரைக்குச் சேமியா ஸ்டேஷனைத் தாண்டும்போது, பிளாட்பாரத்தில் நின்றவர்கள் எங்களை வாயைப் பிளந்து பார்த்தார்கள். ஒன்பது ஐந்துக்குப் பங்காருபேட்டை. சாயங்காலமும் அப்படியே, எங்கள் ஸ்டேஷனைத் தாண்டி மாரிகுப்பம் வரை போய், அங்கிருந்து திரும்புகிற வண்டியில் வந்து இறங்குவது. மறுநாள் பத்துப் பேர், ஒரு மாதத்தில் ஐம்பது அறுபது பேர். கேலி பேசாத ஆள் இல்லை. 'மூக்கைச் சுத்தி வளைச்சுத் தொடுற ஸ்டேஷன்' என்றார்கள். பேசட்டும். அக்டோபர், நவம்பர், டிசம்பர் என்று, அதிகாரி பார்க்க வந்த நாள் வரை என் பேரில் ஒரு சிவப்புக் கோடு விழவில்லை.

தாமோதரன் அண்ணனுக்கு மட்டும் இது ஆறவில்லை. பெட்டிஷன் அவர் பேரில் போனது, சிரிப்பும் அவர் பேரில்தான் வந்தது. டிசம்பர் கடைசியில் ரயில்வே அதிகாரி வருகிறார் என்று தெரிந்ததும், அன்றைக்கு ரயில் மறியல் என்று சொல்லிவிட்டார். எட்மண்ட் மாமா என்னிடம் ரகசியமாக, "மறியல் நடந்தா முடிஞ்சுதும்மா. சோதனை தோல்வின்னு எழுதி நாளைக்கே மூடிடுவாங்க. அப்புறம் நம்ம ஆயுசுக்கும் திறக்கமாட்டாங்க" என்றார். நான் தாமோதரன் அண்ணன் வீட்டுக்குப் போனேன், வாசல் வரை போனேன். சொல்லத் தைரியம் வராமல் திரும்பிவிட்டேன்.

அன்று ஏழு ஐம்பத்தைந்து வண்டியில் அதிகாரி வந்து இறங்கினார். நாகேஷ் என்று பேர், பெங்களூர்க்காரர், கண்ணாடி போட்ட ஒல்லி மனுஷன். கையில் ஒரு ஃபைல். அவர் இறங்குகிற நேரத்தில் நாற்பது பேர் சிவப்புக் கொடியோடு வந்தார்கள். வண்டி மாரிகுப்பம் போகட்டும், திரும்பி வரும்போது எட்டரைக்குத் தண்டவாளத்தில் படுப்பது என்பது திட்டம். நான் ஒரு காலைப் பெட்டியின் படியில் வைத்திருந்தேன். பாப்பம்மாக்கா உள்ளேயிருந்து கையைப் பிடித்து இழுக்கிறாள். ஏறினால் இன்றைக்கு ஆபீஸ் உண்டா? திரும்பி வரும்போது இங்கேயே மறிப்பார்கள். இன்றைக்கு எப்படியோ போய்ச் சேர்ந்தாலும், நாளையிலிருந்து ஸ்டேஷனே கிடையாது. ஸ்டேஷன் இல்லையென்றால் வேலை கிடையாது. நான் காலை எடுத்துவிட்டேன். வண்டி போய்விட்டது.

தாமோதரன் அண்ணன் நாகேஷ் முகத்துக்கு நேராகக் கையை நீட்டி, "இன்னா சார், மூணு மாசமா விளையாடறீங்களா? கேட்டது ஒண்ணு, குடுத்தது ஒண்ணு!" என்றார்.

நாகேஷ் நிதானமாக ஃபைலைத் திறந்தார். "நோடி, பாருங்க, நீங்க கேட்டது இதுதானே? மார்னிங் டவுன், ஈவினிங் அப். கீழே உங்க கையெழுத்துதானே இது?"

"ஆமா. காலைல போறதுக்கு டவுன் கேட்டோம். நீ வர்றதக் குடுத்தா?"

"டவுன் வண்டி வர்றதுதானே?"

"டவுன்னா போறதுய்யா!"

நாற்பது பேரும், "போறது! போறது!" என்று கத்தினார்கள். நாகேஷுக்கு ஒன்றும் விளங்கவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். கூட்டம் தண்டவாளத்தில் இறங்க ஆரம்பித்தது. இனி சும்மா இருந்தால் எல்லாம் போய்விடும் என்று எனக்குத் தெரிந்தது. எங்கிருந்துதான் அந்தக் குரல் வந்ததோ, "நிறுத்துங்கண்ணே!" என்று கத்தினேன்.

எல்லோரும் திரும்பினார்கள்.

"ரயில்வே தப்பு பண்ணல. அந்தப் பெட்டிஷன எழுதினது நான். எங்க ஊர்ல போறத டவுன்னு சொல்லுவோம் சார், ஷாப்டுல எறங்குற மாதிரி. வர்றத அப்புன்னுவோம். அந்தக் கணக்குல எழுதிட்டேன். ரயில்ல அது தலைகீழுன்னு எனக்குத் தெரியாது. முதல் வாரமே தெரிஞ்சிடுச்சி, சொல்லாம மறைச்சிட்டேன். தப்பு என்னோடது."

கூட்டத்தில் ஒருத்தன், "மூணு மாசமா வாயில கொழுக்கட்டையா வெச்சிருந்த?" என்றான். இன்னொருத்தன், "படிச்ச பொண்ணுன்னு குடுத்தா இப்படித்தான்" என்றான். தாமோதரன் அண்ணன் முகம் சிவந்துவிட்டது. நான் தலையைக் குனியவில்லை. குனிந்திருந்தால் அழுதிருப்பேன்.

நாகேஷ் சிரிக்கவில்லை. "சொல்ப, கொஞ்சம் இருங்க" என்று தலையைத் தட்டிக்கொண்டார். "நாங்க என்ன நெனச்சோம் தெரியுமாம்மா? சுரங்க வேலைக்கு வெளியூர் ஆளுங்க காலைல இங்க வராங்க, சாயங்காலம் திரும்பிப் போறாங்கன்னு. அதனால உடனே சாங்ஷன் ஆச்சு. இங்கிருந்து வெளிய வேலைக்குப் போறவங்க இருக்காங்கன்னு ஆபீஸ்ல யாருக்கும் தோணல."

"ஷாப்டு மூடி இருபது வருஷம் ஆச்சு சார்" என்றார் எட்மண்ட் மாமா.

"மாத்தலாம்" என்றார் நாகேஷ். "ஆனா ஃபைல்ல மனுதாரர் கேட்டது இதுன்னு இருக்கு. மனுல தப்பு நடந்துடுச்சு, சரியானது இதுன்னு மனுதாரர் எழுதிக் குடுக்கணும். பேர், வயசு, தொழில், விலாசம், கையெழுத்து. மொட்டைக் காகிதத்துக்கு ஆர்டர் மாத்தமாட்டாங்க. மிஸ்டர் தாமோதரன், எழுதிக் குடுங்க."

"நானா? யூனியன் லீடர் தப்பா கையெழுத்து போட்டான்னு நானே எழுதித் தரணுமா? தலை போனாலும் ஆவாது" என்றார் தாமோதரன் அண்ணன். மே தினக் கூட்டத்தில் இதைச் சொல்ல மறந்துவிட்டார்.

"அப்போ எழுதினவங்க குடுக்கலாம்" என்று நாகேஷ் பேனாவை என் பக்கம் நீட்டினார். மணி எட்டு இருபது.

அந்த ஒரு நிமிஷம் ஹெட்கிளார்க் முகம் கண் முன்னால் வந்தது. தொழில் என்ற இடத்தில் 'இல்லை' என்று எழுதியிருக்கலாம். யாருக்குத் தெரியப்போகிறது? ஆனால் ஒரு தப்பைத் திருத்துகிற காகிதத்தில் இன்னொரு பொய்யையா எழுதுவது என்று எனக்கு எரிச்சல் வந்தது. பெஞ்சில் காகிதத்தை வைத்து எழுதினேன். அப், டவுன் என்ற சொல்லே இல்லாமல் எழுதினேன். 'காலையில் மாரிகுப்பத்திலிருந்து புறப்பட்டுப் பங்காருபேட்டை செல்லும் வண்டி. மாலையில் பங்காருபேட்டையிலிருந்து புறப்பட்டு மாரிகுப்பம் செல்லும் வண்டி.' கீழே, 'ஏ. அம்சவேணி, வயது 21, டைப்பிஸ்ட்' என்று எழுதி, ஆபீஸ் பேரையும் எழுதிக் கையெழுத்துப் போட்டேன். கூட்டம் ஒவ்வொருத்தராகத் தண்டவாளத்தை விட்டு ஏறியது. எட்டரை வண்டி வழக்கம்போல ஊதிவிட்டுப் போனது. அன்றைக்கு நான் ஆபீஸ் போய்ச் சேர்ந்தபோது பதினொன்று. நாலாவது கோடு.

புது உத்தரவு ஜனவரி கடைசியில் வந்தது. வருகிற திங்கள் முதல் வண்டி நிற்கும் என்று, நான் எழுதிக் கொடுத்த வரிகளே உத்தரவாக வந்திருந்தன. லைனில் வெடி வெடித்தார்கள். அதே வாரம் வியாழக்கிழமை எனக்கும் ஒன்று வந்தது. ரயில்வே என் பேருக்குப் போட்ட பதில் கடிதம் ஆபீஸ் விலாசத்துக்குப் போய், ஹெட்கிளார்க் கையில் விழுந்திருந்தது. முன் அனுமதி இல்லாமல் பொது மனுவில் கையெழுத்திட்டது, நேரம் தவறியது, ஆகவே தற்காலிக நியமனம் இவ்வாரத்தோடு முடிகிறது. அந்த மெமோவை அடிக்க ஆபீஸில் என்னைத் தவிர வேறு டைப்பிஸ்ட் கிடையாது. நான்தான் அடித்தேன். மூன்று காப்பி, ஒரு பிழை இல்லை.

திங்கட்கிழமை காலை நான் பாயை விட்டு எழவில்லை. வெளியே மேளச் சத்தம். நைனா சட்டை போட்டுக்கொண்டு வந்து நின்றார்.

"எழுந்திரு. வண்டிக்கு நேரமாச்சு."

"எங்க போறதுக்கு நைனா? எனக்குத்தான் வேலை போச்சே. ஊருக்கெல்லாம் வண்டி நிக்க வெச்சிட்டேன், போய் வேடிக்கை பார்க்கணுமா?" என்று கத்திவிட்டு ஓவென்று அழுதேன். நாலு மாதமாக அடக்கி வைத்த அழுகை.

அவர் வெளியே நடந்தார். மூன்று இடத்தில் நின்று மூச்சு வாங்கினார். அவரைத் தனியாக விட முடியாமல் முகத்தைக் கழுவிக்கொண்டு பின்னாலேயே ஓடினேன். ஜன்னலில் எட்மண்ட் மாமாவிடம் சில்லறையை நீட்டினார். "ஒரு பங்காருபேட்டை. போய் வர்றதுக்கு."

"எதுக்கு நைனா இது? அங்க யாரு என்னைக் கூப்புட்டாங்க?"

"பங்காருபேட்டைல ஆபீசு ஒண்ணுதான் கீதா?" என்றார். மூச்சு வந்ததும் மிச்சத்தைச் சொன்னார். "வேலை போச்சுன்னு நீ வூட்ல குந்திக்கினா, அப்புறம் இந்த வண்டிய யாருக்காவ நிறுத்தின?"

எட்டரைக்கு வண்டி மாரிகுப்பம் பக்கத்திலிருந்து வந்து நின்றது. பாப்பம்மாக்கா கூடையை எனக்கு முன்னால் ஏற்றிவிட்டு, "வாடி, குந்த எடம் கீது" என்றாள். ஏறி உட்கார்ந்தேன். அன்று கோர்ட் வாசல், அரிசி மண்டி, இரண்டு பள்ளிக்கூடம் என்று ஏறி இறங்கினேன். வேலை கிடைத்தது என்று சொல்ல ஆசைதான், கிடைக்கவில்லை. சாயங்காலம் ஆறேகாலுக்கு வண்டி சேமியா ஸ்டேஷனில் நின்றது. நைனா பிளாட்பாரத்துப் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார்.

"இன்னா ஆச்சு?" என்றார்.

"ஒண்ணும் ஆவல" என்றேன்.

"சரி, வா. சோறு ஆறுது" என்றார்.

மறுநாள் டிக்கெட்டை நானே வாங்கினேன்.